காலத்தையும் உலகையும் நெய்யும் நெசவாளர்கள் என்ற கற்பனை நம் பழைய நூல்களில் உண்டா?

உண்டு, மிகத் தெளிவான சித்திரம் மகாபாரதத்தின் ஆதிபர்வத்தில், அதன் உட்பகுதியான பௌஷ்ய பர்வத்தில் வருகிறது. குருபத்தினிக்காகப் பெற்றுவந்த குண்டலங்களை நாக அரசன் தட்சகன் கவர்ந்து செல்ல, அவனைத் தொடர்ந்து நாகலோகம் புகுந்த உத்தங்கர் என்ற மாணவர், இரண்டு பெண்கள் தறியில் கறுப்பும் வெள்ளையுமான இழைகளால் துணி நெய்வதையும், ஆறு சிறுவர்கள் ஒரு சக்கரத்தைச் சுழற்றுவதையும் காண்கிறார். அப்பெண்கள் தாதா, விதாதா என்றும், இழைகள் இரவும் பகலும் என்றும், சிறுவர்கள் ஆறு பருவங்கள் என்றும், சக்கரம் ஆண்டு என்றும் அவருடைய ஆசிரியர் வேதர் பின்னர் விளக்குகிறார்.

உத்தங்கர் அங்கே பாடும் துதிதான் எனக்கு இன்னும் முக்கியமாகப் படுகிறது. சக்கரத்தின் 360 பகுதிகள் நாள்களையும் 24 பிரிவுகள் பட்சங்களையும் (அரை மாதங்களையும்) குறிக்க, அந்த இழைகளைச் சுழற்றும் பெண்கள் உயிர்களையும் உலகங்களையும் ஓயாமல் சுழற்றுகிறார்கள் என்கிறது அது. அதாவது, காலம் நெய்யப்படும் அதே தறியில்தான் உலகமும் நெய்யப்படுகிறது.

இக்கற்பனை இதிகாசத்தில் தொடங்கியதன்று. அதர்வ வேதத்தின் பத்தாம் காண்டத்திலேயே, வேறுபட்ட உருவமுடைய இரு கன்னியர் ஆறு முளைகள் கொண்ட தறியில் நெய்கிறார்கள். ஒருத்தி இழையை இழுக்க, மற்றவள் பொருத்துகிறாள், அவர்கள் இழையை அறுப்பதுமில்லை, முடிவை எட்டுவதுமில்லை.