கண்டென்சர் கணக்கு: கேட்டவையும் பதில்களும்

அஸ்தம்பட்டி, பிளஸ் டூ மாணவி: சார், ஒரு கண்டென்சரில் (கெப்பாசிட்டர்) 12 வோல்ட்டில் 5.64 மில்லிகூலூம் மின்னூட்டம் சேர்கிறது. மின்தேக்குத்திறன் எவ்வளவு? வோல்ட்டைக் கூட்டினால் அதுவும் கூடுமா?

மின்னூட்டத்தை மின்னழுத்தத்தால் வகுத்தால் போதும்மா. 0.00564 கூலூமை 12-ஆல் வகுத்தால் 0.00047 ஃபாரட், அதாவது 470 மைக்ரோ ஃபாரட். வகுத்தலில் யாரும் தப்பு விடுவதில்லை. மில்லிக்கும் மைக்ரோவுக்கும் நடுவில்தான் மார்க் போகும். 24 வோல்ட் கொடுத்தால் மின்னூட்டம் 11.28 மில்லிகூலூம் ஆகிவிடும், விகிதம் அசையாது. தகட்டின் பரப்பு, இடைவெளி, நடுவில் உள்ள மின்காப்புப் பொருள் இவற்றில் ஏதாவது மாறினால்தான் மின்தேக்குத்திறன் மாறும்.

சூரமங்கலம், டிப்ளமோ மாணவர்: லேபில் கூலூம் அளக்க மீட்டரே இல்லையே அண்ணா?

ஆம்பியரை நொடியால் பெருக்கினால் கூலூம்தானே தம்பி. மாறாத 10 மில்லி ஆம்பியரை 4 நொடி விட்டால் 0.04 கூலூம். காலியாக இருந்த கெப்பாசிட்டரில் அதனால் 8.5 வோல்ட் ஏறினால் சுமார் 4700 மைக்ரோ ஃபாரட். எலக்ட்ரோலிடிக் வகைக் கெப்பாசிட்டரில், மேலே போட்டிருக்கும் மதிப்புக்கு 20 சதவீதம் முன்பின் இருப்பது சகஜம்.

கொண்டலாம்பட்டி: ஃபேன் கெப்பாசிட்டரில் 440 வோல்ட் என்று இருக்கிறது. வீட்டுக்கு வருவது 230 தானே?

440 அது தாங்கும் எல்லை. அதைப் போட்டு வகுக்காதீர்கள்.

அம்மாபேட்டை, தறி உரிமையாளர்: 5 கேவிஏஆர் (கெப்பாசிட்டர் கொடுக்கும் ரியாக்டிவ் பவரின் அளவு), 440 வோல்ட், த்ரீ ஃபேஸ் கெப்பாசிட்டர். கணக்குப் போட்டால் 27.4 மைக்ரோ ஃபாரட் வருது, மீட்டர் 41 காட்டுது. டூப்ளிகேட்டுங்களா?

சரக்கு நல்லதுதானுங்க. உள்ளே மூன்று கெப்பாசிட்டர் டெல்டாவில், அதாவது முக்கோணமாக இணைத்து இருக்கும். இரண்டு முனையில் மீட்டரை வைத்தால் ஒன்று நேராகத் தெரியும். மற்ற இரண்டும் தொடராகச் சேர்ந்து பாதி மதிப்பாய்க் கூடவே வரும். ஆக ஒன்றரை மடங்கு, 41. மூன்று ஜோடியிலும் இதே அளவு வரணும். இரண்டு ஜோடியில் 27, ஒன்றில் 14 வந்தால் உள்ளே ஒன்று அறுந்துவிட்டது என்று அர்த்தம். 27-ஐப் பார்த்து "கணக்குச் சரி" என்று மாட்டிவிடுகிறவர்கள் உண்டு, உஷார். இன்னொன்று: லைனில் 415 வோல்ட்தான் என்றால் 5 கேவிஏஆர் கிடைக்காது, 4.45 தான்.

ஏற்காடு, காபித் தோட்டம்: பல்ப்பரின் (காபிப் பழத்தோல் உரிக்கும் மிஷின்) சிங்கிள் ஃபேஸ் மோட்டார் உறுமுகிறது, பெல்ட்டைக் கையால் இழுத்துவிட்டால்தான் ஓடுகிறது. ஓடும்போது கெப்பாசிட்டர் வயரில் 2.1 ஆம்பியர், முனைகளில் 300 வோல்ட். மேலே 36 மைக்ரோ ஃபாரட் என்று போட்டிருக்கிறது.

முதலில் கையால் இழுப்பதை நிறுத்துங்கள், விரல் போய்விடும். ஏசியில் மின்னூட்டம் ஏறி இறங்கிக்கொண்டே இருப்பதால், ஆம்பியரை வோல்ட்டாலும் 314-ஆலும் வகுக்க வேண்டும். 50 ஹெர்ட்ஸுக்கு அந்த 314. இங்கே 230 போட்டால் விடை தப்பும், ஓடும்போது முனைகளில் உள்ள வோல்ட்தான் கணக்கு. 2.1 வகுத்தல் 300, மறுபடி 314: சுமார் 22 மைக்ரோ ஃபாரட். மூன்றில் ஒரு பங்குக்கு மேல் போய்விட்டது. உள்ளே பிளாஸ்டிக் ஃபிலிமில் ஓட்டை விழும்போதெல்லாம் அதைச் சுற்றியுள்ள உலோகப் பூச்சு ஆவியாகித் தன்னைத்தானே காப்பாற்றிக்கொள்ளும். ஆனால் ஒவ்வொரு தடவையும் தகட்டின் பரப்பு கொஞ்சம் குறையும். மேலே அந்தப் பிள்ளைக்குச் சொன்ன அதே விஷயம்தான்.

36-க்கு 36 தான் போடுங்கள், 440 வோல்ட்டுக்குக் குறையாமல். 50 போட்டால் ஸ்டார்ட் நன்றாக ஆகும், காயில் சூடேறிக் கருகும். கழற்றும் முன் மெயினை அணைத்து, முனைகளுக்கு நடுவே 10 கிலோ ஓம், 10 வாட் ரெசிஸ்டரை மூன்று நொடி வைத்து, வோல்ட் பூஜ்யம் என்று மீட்டரில் பாருங்கள். ஸ்க்ரூ டிரைவரால் ஷார்ட் செய்தால் முனை உருகும், பொறி கண்ணுக்குத் தெறிக்கும்.