காட்டெருமை இல்லாத காட்டில்

கேள்வி: சூழலியல் எழுத்தாளர் சு. தியடோர் பாஸ்கரன் நூல்களை அடிக்கடி பரிந்துரைக்கிறீர்கள். இரண்டு படித்துவிட்டேன். காடு அழிந்துகொண்டிருக்கும்போது பாறு, இருவாச்சி, வரையாடு என்று பறவை, விலங்குப் பெயர்களைப் பிடித்துக்கொண்டிருப்பது எதற்கு? எல்லோருக்கும் புரிகிறபடி எழுதினால் போதாதா?

பதில்: புரிகிறபடி என்றால், பத்திரிகைகள் எழுதுகிறபடியா? கோத்தகிரிப் பக்கம் தேயிலைத் தோட்டத்தில் காட்டுமாடு நுழைந்தால், மறுநாள் தலைப்பு ‘காட்டெருமை அட்டகாசம்’. அந்தத் தலைப்புக்குக் கீழே போட்டிருக்கும் படத்தைப் பாருங்கள். முழங்காலுக்குக் கீழே நான்கு கால்களும் வெள்ளைக் காலுறை மாட்டியதுபோல இருக்கும். தோளிலிருந்து நடுமுதுகு வரை ஒரு திமில் மேடு. எந்த எருமைக்கு ஐயா இது உண்டு? அசல் காட்டெருமையைப் பார்க்க அசாமுக்கு டிக்கெட் எடுக்க வேண்டும். சங்கப் புலவர்கள் காட்டுமாட்டை ‘ஆமா’ என்று மாட்டினத்தில் சேர்த்துவிட்டார்கள், கேமரா இல்லாமலே.

பாறுவுக்குப் ‘பிணந்தின்னிக் கழுகு’ என்று நம் இதழிலும் ஒருமுறை படக்குறிப்பு வந்தது. திருத்தாமல் விட்டவன் நான்தான். எல்லோருக்கும் புரிந்தது. அருவருப்பு மட்டும் புரிந்தது. மாடுகளுக்கு வலிநிவாரணியாகப் போட்ட டைக்ளோஃபினாக், செத்த மாட்டைத் தின்ற பாறுகளின் சிறுநீரகத்தைக் கெடுத்தது. 1990களில் தொடங்கிப் பதினைந்து ஆண்டுகளுக்குள் இந்தியாவின் வெண்முதுகுப் பாறுகளில் 99 சதவீதத்துக்கும் மேல் அழிந்தன. கால்நடைகளுக்கான அந்த மருந்துக்குத் தடை வந்தது 2006இல். பிணந்தின்னிக்காக யார் தெருவில் இறங்குவார்கள்? தமிழ்நாட்டில் மிச்சமிருப்பவற்றைப் பார்க்க மாயாற்றுப் பள்ளத்தாக்குக்குத்தான் போக வேண்டும்.

நிலத்துக்கும் இதே கதி. நீலகிரிப் புல்வெளியை ஏட்டில் ‘தரிசு’ என்று எழுதிவிட்டால், அங்கே மரம் நடுவது புண்ணியக் காரியம் ஆகிவிடுகிறது. சீகையும் (வாட்டில்) கற்பூர மரமும் (யூகலிப்டஸ்) அப்படித்தான் ஏறின. வரையாட்டுக்கு வேண்டியது புல். அதற்கு நிழல் தந்து என்ன பயன்? பாஸ்கரனின் ‘சோலை எனும் வாழிடம்’ என்ற நூல் தலைப்பில் உள்ள கடைசிச் சொல்லைக் கவனியுங்கள். வெறும் இடம் அன்று, வாழிடம்.

பாஸ்கரன் தபால் துறையில் உயர் அதிகாரியாக இருந்தவர். விலாசம் தப்பினால் கடிதம் என்னவாகும் என்று அவருக்குத் தெரியாதா? இயற்கையியலாளர் மா. கிருஷ்ணனின் தமிழ்க் கட்டுரைகளை ‘மழைக்காலமும் குயிலோசையும்’ என்று தொகுத்துத் தந்தவரும் அவர்தான். எனக்கும் ஒரு குறை உண்டு: சில கட்டுரைகள் சூடு பிடிக்கிற நேரத்தில் முடிந்துவிடுகின்றன. பெயர்களைக் குறைத்திருக்கலாம் என்று மட்டும் ஒருநாளும் தோன்றியதில்லை.

மூன்றாவது நூலையும் படியுங்கள். பிறகு நம் இதழில் எங்காவது ‘காட்டெருமை’ கண்ணில் பட்டால், பக்க எண்ணோடு ஓர் அஞ்சலட்டை போடுங்கள்.