ஆய்ஸ்டர் சிப்பிய பட்டர், ஹெர்ப்ஸ் வச்சு அவன்ல பேக் பண்ணா மேல கருகுது, உள்ள தண்ணியா நிக்குது. எப்படி சரியா பண்றது? பாலக்கீரை கட்டாயம் போடணுமா?

மொதல்ல பட்டரை உருக்குறத நிறுத்துங்க. உருக்கி ஊத்துனா அது நேரா ஓட்டோட அடிக்கு போயிடும், மேல தூவுன பார்ஸ்லி காஞ்சு கருகிடும், நீங்க சொல்ற ரெண்டு பிரச்சனையும் அதனாலதான் வருது. பட்டர் விரல் வச்சா அமுங்குற பதத்துல இருக்கணும், அப்பதான் பூண்டு, ஹெர்ப்ஸ் எல்லாத்தையும் தன்னோட பிடிச்சு வச்சுக்கிட்டு சூட்டுல மெதுவா இளகி சதை மேல படியும்.

12 சிப்பிக்கு நான் எடுக்குறது உப்பில்லாத பட்டர் 60 கிராம், ரெண்டு பல் பூண்டு, ஒரு சின்ன வெங்காயம் நல்லா பொடியா, பார்ஸ்லி ரெண்டு மூணு ஸ்பூன், எலுமிச்சை தோல் துருவல், மிளகு, பிரட் தூள் 3 டேபிள்ஸ்பூன். உப்பு போடவே போடாதீங்க, சிப்பித் தண்ணியிலயே கடல் உப்பு இருக்கு. பிரட் தூள்ல பாதிய பட்டர்ல பிசைஞ்சிடுங்க, மீதிய கடைசியா மேல தூவுங்க, உள்ள இருக்குறது வழியுற பட்டரை உறிஞ்சிக்கும் மேல இருக்குறது மொறுமொறுன்னு ஆகும்.

நிஜமான வேலை சிப்பிய திறக்குறதுதான். வாய் திறந்து கிடக்குறத ஒரு தட்டு தட்டிப் பாருங்க, மூடலன்னா செத்துப்போச்சு, தூக்கிப் போட்டுடுங்க, பாவம் பாக்க வேணாம். மத்தத பிரஷ் வச்சு தேய்ச்சு கழுவிட்டு, குழிவான பக்கம் கீழ இருக்குற மாதிரி தடிமனான துணியில பிடிச்சுக்கிட்டு, ரெண்டு ஓடும் சேர்ற கூரான முனையில குட்டையான கத்திய சொருகி திருகுங்க, பலமா குத்துறதவிட திருகுறதுலதான் டக்குனு விட்டுக்குடுக்கும். அப்புறம் கத்திய மேல் ஓட்டோட ஒட்டுனாப்ல நகத்துனா பிடிச்சிருக்குற தசை அறுந்துடும், அடியிலயும் அதே மாதிரி ஒரு அறு. அந்தத் தண்ணிய மொத்தமா கொட்டிடாதீங்க ருசியே அதுலதான், ஆனா விளிம்பு வரை தளும்புனா கொஞ்சம் வடிச்சிடுங்க, ஓட்டுத் துணுக்கு இருக்கான்னும் பாத்துக்கோங்க.

ட்ரேல கல் உப்ப தடிமனா பரப்பி அதுல அமுக்கி உக்கார வைங்க, இல்லன்னா சாஞ்சு எல்லாம் வெளிய ஓடிடும் (உப்பு இல்லன்னா அலுமினியம் ஃபாயில கசக்கிப் போட்டாலும் போதும்). ஒவ்வொண்ணுக்கும் ரெண்டு டீஸ்பூன் டாப்பிங், சதை தெரியாத அளவுக்கு மூடணும். அவன் முன்னாடியே 230 டிகிரி செல்சியஸ் சூடாகியிருக்கணும், உள்ள வச்சு 10 நிமிஷம், சதையோட ஓரம் சுருள ஆரம்பிச்சிருக்கும் மேல பொன்னிறமா இருக்கும், அதுக்கு மேல விட்டா ரப்பர்தான்.

அதே நேரம் சீக்கிரமாவும் எடுக்காதீங்க. சிப்பியில விப்ரியோன்னு ஒரு பாக்டீரியா இருக்கலாம், எலுமிச்சை பிழிஞ்சா செத்துடும்னு சொல்றதெல்லாம் சும்மா, சூடுதான் கொல்லும். கல்லீரல் பிரச்சனை, எதிர்ப்பு சக்தி கம்மியா இருக்குறவங்க அரைவேக்காட்டுல தொடவே கூடாது.

கீரை கட்டாயமெல்லாம் இல்ல. அந்தப் பேச்சு ஆய்ஸ்டர்ஸ் ராக்கஃபெல்லர்ங்கிற பேக் பண்ண சிப்பி டிஷ்லேருந்து வந்தது, 1899ல நியூ ஆர்லியன்ஸ்ல ஆன்டுவான்ஸ் ரெஸ்டாரன்ட்ல ஜூல்ஸ் அல்சியாடோர் பண்ணது, அவ்ளோ ரிச்சா இருக்குன்னு ராக்கஃபெல்லர்ங்கிற எண்ணெய் கோடீஸ்வரர் பேர வச்சாங்க. ரெசிபிய இன்னிக்கு வரை வெளிய விடல, சாஸ் பச்சை நிறமா இருக்கேன்னு ஊர்ல எல்லாரும் பாலக்கீரை போடுறாங்க, அந்த ரெஸ்டாரன்ட்காரங்களோ எங்க சாஸ்ல கீரையே இல்லன்னு சொல்றாங்க! போடணும்னா வதக்கி நல்லா பிழிஞ்சிட்டு போடுங்க, இல்லன்னா திரும்பவும் தண்ணி விடும். சீஸ் வேணும்னா பார்மசான் லேசா தூவலாம், மொசரெல்லா வேணவே வேணாம், சிப்பி வாசனைய மொத்தமா அமுக்கிடும்.