சேலத்து உதயமும் பஞ்சாங்க நாழிகையும்: கேள்வி-பதில்

பஞ்சாங்கத்தில் 'தசமி 23.40' என்று இருக்கிறது. ராத்திரி 11.40 வரைக்குமா? (செவ்வாய்ப்பேட்டை)

இல்லை. சூரிய உதயத்திலிருந்து 23 நாழிகை 40 விநாடி. நாழிகை 24 நிமிடம். அதில் அறுபதில் ஒரு பங்கு விநாடி. அதாவது பஞ்சாங்க விநாடி ஒன்று கடிகாரத்தில் 24 விநாடி. 23 × 24 = 552; 40 விநாடிக்கு 16. ஆக 568 நிமிடம், 9 மணி 28 நிமிடம். உதயம் 6.10 என்றால் தசமி பிற்பகல் 3.38 வரை.

சேலத்துக்காரர்கள் சறுக்குவது அடுத்த படியில்: சேலத்து உதயத்தைக் கூட்டிவிடுகிறார்கள். பஞ்சாங்கம் எந்த ஊருக்குக் கணித்ததோ அந்த ஊர் உதயத்தையே கூட்ட வேண்டும். சூரியனுக்கும் சந்திரனுக்கும் உள்ள இடைவெளி 12 பாகை கூடும்போதெல்லாம் ஒரு திதி முடிகிறது. அந்தக் கணம் எல்லா ஊருக்கும் ஒன்றுதான். சென்னையைவிட இங்கே உதயம் ஆனியில் 11 நிமிடம், மார்கழியில் 6 நிமிடம் பிந்தும். அந்த அளவு திதியும் தப்பாகும். மணிக்கணக்கிலேயே அச்சிட்டிருந்தால் எதையும் கூட்டாதீர்கள்.

ராகு காலத்துக்கும் அப்படித்தானா? (அம்மாப்பேட்டை)

நேர்மாறு. அது உள்ளூர்ப் பகலின் எட்டில் ஒரு பங்கு. ஞாயிறு 4.30–6 என்பது ஆறுக்கு ஆறு பகல் என்று வைத்துக்கொண்ட வாய்பாடு. ஜூன் கடைசி வாரத்தில் சேலத்தில் உதயம் 5.55, அஸ்தமனம் 6.43 வாக்கில், பங்கு 96 நிமிடம். ஞாயிறு ராகு காலம் 5.07-க்குத்தான் தொடங்கும்.

வாக்கியப் பஞ்சாங்கத்துக்கும் திருக்கணிதப் பஞ்சாங்கத்துக்கும் அஷ்டமியில் மணிக்கணக்கில் வித்தியாசம், அமாவாசையில் அவ்வளவு இல்லையே? (ஆத்தூர்)

நல்ல கவனிப்பு. வாக்கியம் 248 நாள் சந்திர வாக்கியங்களில், அதாவது நாளுக்கு நாள் சந்திரன் நிற்கும் இடத்தைச் சொல்லும் சொற்றொடர்களில், நிற்கிறது. சந்திரன் பூமியை நெருங்கி விலகும் 27.55 நாள் சுற்று ஒன்பது கொண்டது அது. சூரியன் சந்திரனை இழுப்பதால் வரும் திருத்தம் அதில் இல்லை. பழைய கணிதம், அமாவாசை, பௌர்ணமியில் மட்டுமே நேரும் கிரகணத்தோடு ஒப்பிட்டுச் சீராக்கப்பட்டது. அதனால் பிழை அமாவாசை, பௌர்ணமியில் அடங்கி, அஷ்டமியை ஒட்டிப் பெருகும். வானத்தோடு பொருந்துவது திருக்கணிதம். விரதம், சிராத்தம் என்றால் வீட்டு வழக்கம் எதுவோ அதுவே போதும். திதியை ஒன்றிலும் நட்சத்திரத்தை இன்னொன்றிலும் எடுப்பதுதான் கூடாது.

ஏற்காட்டில் சூரியன் முன்பே தெரிகிறதே, உதயத்தை மாற்ற வேண்டாமா?

வேண்டாம். 1500 மீட்டர் உயரத்தில் அடிவானம் ஒரு பாகைக்குச் சற்று மேல் தாழ்கிறது. அதனால் நாலைந்து நிமிடம் முந்தும். கிழக்கே மலை மறைத்தால் அதுவும் போச்சு. பஞ்சாங்க உதயம் சமதள அடிவானத்துக்கு உரியது.