டீப் பர்ப்பிள்: எந்தப் பாடகர், எந்த ஆல்பம்?

கேள்வி: அண்ணா, டீப் பர்ப்பிள் என்ற பிரிட்டிஷ் ராக் குழுவின் பாட்டுகளில் 'ஸ்மோக் ஆன் தி வாட்டர்' மட்டும்தான் கேட்டிருக்கிறேன். எங்கே தொடங்கலாம்?

பதில்: 1970இல் வந்த 'இன் ராக்'. அப்புறம் நீங்கள் கேட்ட பாட்டு இருக்கிற 'மெஷின் ஹெட்' (1972). இரண்டிலும் பாடியவர் இயன் கில்லன்.

கேள்வி: முதல் பாடகரும் கில்லன்தானா?

பதில்: இல்லை, ராட் எவன்ஸ். 1968, 69இல் மூன்று ஆல்பங்கள் பாடினார். அவர் பாடிய 'ஹஷ்' பாட்டு அமெரிக்கத் தரவரிசையில் 4ஆம் இடம் வரை போனது. நல்ல குரல்தான், ஆனால் மென்மையானது. கிட்டார் கலைஞர் ரிச்சி பிளாக்மோருக்குக் கனமான ராக் வேண்டியிருந்தது. 1969இல் எபிசோட் சிக்ஸ் குழுவிலிருந்து கில்லனும் பாஸ் வாசிக்கும் ரோஜர் க்ளோவரும் வந்தார்கள். 'சைல்ட் இன் டைம்' கேளுங்கள். ஜான் லார்டின் ஆர்கன் மெதுவாகத் தொடங்க, கில்லன் படிப்படியாக ஏறி அலறலில் போய் நிற்பார். எவன்ஸை வைத்து இப்படி ஒரு பாட்டை யோசித்திருக்கவே முடியாது.

கேள்வி: பின்னால் வந்த பாடகர் டேவிட் கவர்டேல்தான் குழுவை ஃபங்க் (ஆட வைக்கும் தாளம் கொண்ட கறுப்பின அமெரிக்க இசை) பக்கம் இழுத்துவிட்டார் என்கிறான் நண்பன். சரியா?

பதில்: பழி தவறான ஆள்மேல் விழுகிறது. 1973இல் கில்லனும் க்ளோவரும் விலகியபோது கவர்டேல் துணிக்கடையில் வேலை பார்த்துக்கொண்டிருந்த, யாருக்கும் தெரியாத பாடகர். கூடவே வந்த பாஸ் கலைஞர் க்ளென் ஹியூஸும் பாடுவார். ஆக, வந்தது இரண்டு குரல்கள். 'பர்ன்' (1974) ஆல்பத்தில் கவர்டேலின் கனத்த புளூஸ் குரலுக்கு மேலே ஹியூஸ் உச்சத்தில் பாடுவது என்னைப் பொறுத்தவரை இந்தக் குழுவின் பெரிய சாதனைகளில் ஒன்று. ஃபங்க், சோல் ஆசை பெரும்பாலும் ஹியூஸுடையது. அதே ஆண்டு வந்த 'ஸ்டார்ம்பிரிங்கர்' ஆல்பத்தில் அது கூடியது. பிடிக்காத பிளாக்மோர் 1975இல் விலகி ரெயின்போ குழுவைத் தொடங்கினார். அவருக்குப் பதில் கிட்டார் கலைஞர் டாமி போலினை வைத்து இன்னொரு ஆல்பம் செய்துவிட்டு 1976இல் குழு கலைந்தது.

கேள்வி: 'ஸ்லேவ்ஸ் அண்ட் மாஸ்டர்ஸ்' வாங்கலாமா?

பதில்: இப்போது வேண்டாம். 1984இல் கில்லனோடு மீண்டும் சேர்ந்து செய்த 'பர்ஃபெக்ட் ஸ்ட்ரேஞ்சர்ஸ்' முதலில். நீங்கள் கேட்பது 1990 ஆல்பம். பாடிய ஜோ லின் டர்னர் முன்பு ரெயின்போவில் இருந்தவர், ஆல்பமும் ரெயின்போ மாதிரியே இருக்கும்.

கேள்வி: இத்தனை மாற்றத்திலும் விலகாமல் இருந்தவர் யார்?

பதில்: டிரம்மர் இயன் பெய்ஸ் ஒருவர்தான். 'ஃபயர்பால்' பாட்டின் தொடக்கத்தை நல்ல ஹெட்ஃபோனில் கேளுங்கள்.