அயர்லாந்துல மழை, அதே 54 டிகிரில தெற்க ஐஸ்: ஏன்?

கேள்வி: தெற்கு அட்லாண்டிக் கடல்ல இருக்கிற பூவெட் தீவும் அயர்லாந்து தீவுல இருக்கிற பெல்ஃபாஸ்ட் ஊரும் பூமத்திய ரேகைலேர்ந்து கிட்டத்தட்ட ஒரே தூரம்தான், இது தெற்க, அது வடக்க. அங்க பச்சைப்பசேல்னு இருக்கு, இங்க மட்டும் ஏன் ஐஸ்? மனுஷங்க யாராவது இருக்காங்களா?

பதில்: அட்சரேகைய மட்டும் வெச்சு குளிரை கணக்கு போடவே கூடாதுங்க, பக்கத்துல இருக்கிற கடல் எப்படிப்பட்டதுன்னு பார்க்கணும். பெல்ஃபாஸ்ட் பக்கம் அட்லாண்டிக் வெதுவெதுப்பான தண்ணிய கொண்டு வந்து சேர்க்குது. தெற்க அப்படியில்ல, அண்டார்டிகாவ சுத்தி மேற்கேர்ந்து கிழக்கா ஒரு பெரிய நீரோட்டம் ஓடிக்கிட்டே இருக்கு, குறுக்க மறிக்க நிலமே கிடையாது, அதனால வடக்கேர்ந்து வர்ற சூட்டை அது உள்ள விடறதில்ல, பூவெட் அந்த குளிர்ந்த பக்கத்துல மாட்டிக்கிச்சு. இத்தனைக்கும் வருஷ சராசரி சுமார் மைனஸ் 1 டிகிரிதான், பயங்கர குளிர்னு சொல்ல முடியாது. ஆனா கோடைன்னு ஒண்ணு சரியா வந்தாதானே விழுந்த பனி உருகும்? உருகாம சேர்ந்து சேர்ந்து, 49 சதுர கிலோமீட்டர் தீவுல 93 சதவீதம் பனியாறு மூடிக்கிச்சு. அடியில இருக்கிறது எரிமலைங்கிறதுதான் எனக்கு ரொம்ப பிடிச்ச விஷயம், அதோட வாய்க்குள்ளயே ஐஸ் ரொம்பி கிடக்கு. உயரமான சிகரம் ஊலாவ்டோப்பன், 780 மீட்டர்.

மனுஷங்க நிரந்தரமா யாரும் இல்ல. 1739 ஜனவரி 1 அன்னிக்கு பிரெஞ்சு மாலுமி பூவெட் இதை பார்த்தார், ஆனா இறங்க முடியல, அப்போ கப்பல்ல தீர்க்கரேகைய சரியா கண்டுபிடிக்க வழியில்லாததால குறிச்ச இடமும் தப்பா போச்சு, பின்னால பிரிட்டிஷ் மாலுமி கேப்டன் குக் வந்து தேடியும் கிடைக்கல. 1898ல ஒரு ஜெர்மன் ஆராய்ச்சிக் கப்பல்தான் சரியான இடத்தை குறிச்சுது. 1927ல நார்வே உரிமை கோரிச்சு, 1971லேர்ந்து இயற்கை காப்பகம்.

இறங்குறது இன்னிக்கும் கஷ்டம்தான், பெரும்பாலும் ஹெலிகாப்டர்லதான் போறாங்க, ஏன்னா சுத்தி செங்குத்தான பாறையும் ஐஸ் சுவரும், துறைமுகம்னு ஒண்ணும் இல்ல. மேற்கு கரையில நீரேய்சான்னு ஒரு சின்ன மேடை மாதிரி இடம் இருக்கு, அது பழைய மேப்ல கிடையாது! 1950கள்ல மலைச்சரிவுல கல்லும் மண்ணும் கடல்ல விழுந்து உண்டானது. ஐஸ் இல்லாத தரைங்கிறதால சீல்களும் பெங்குவின்களும் குட்டி, குஞ்சோட அதை பிடிச்சுக்கிச்சு. நார்வேக்காரங்க ஆராய்ச்சி நிலையம் வெச்சதும் அங்கயேதான்.