ஓவன் ஃபிரைஸ் நமத்துப் போவது ஏன்? வாசகர் கேள்வி – பதில்

எண்ணெயில் பொரிக்காமல் ஓவனில் சுடும் ஃபிரெஞ்ச் ஃபிரைஸ் பற்றி டெல்லி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இந்த இதழில் பதில் சொல்கிறோம்.

ஓடிஜியில் (ஓவன்-டோஸ்டர்-கிரில்) 220 டிகிரி வைத்து அரை மணி நேரம் சுடுகிறேன். ஒரு கிலோ கிழங்குக்கு இரண்டு ஸ்பூன் எண்ணெய் விடுகிறேன். நுனியெல்லாம் கருகுகிறது, நடுப்பகுதி தொளதொளவென்று வளைகிறது. எங்கே தப்பு?
– வாசகி, மயூர் விஹார் ஃபேஸ் 1

ஒரு கிலோதான் முதல் தப்பு. உருளைக்கிழங்கில் ஐந்தில் நான்கு பங்கு தண்ணீர். அதில் கணிசமான அளவு ஆவியாகி வெளியேறினால்தான் மேல்தோல் இறுகி மொறுமொறுப்பாகும். ஒரே தட்டில் ஒரு கிலோவைக் குவித்தால் கிளம்பும் ஆவிக்குப் போக இடமில்லை. கிழங்கு சுடப்படாமல் தன் ஆவியிலேயே வெந்து கிடக்கும். 30க்கு 25 செ.மீ. தட்டு என்றால் 400 கிராம் போதும். துண்டுக்குத் துண்டு இடைவெளி தெரிய வேண்டும். வீட்டில் ஆள் அதிகமென்றால் இரண்டு தடவையாகப் போடுங்கள்.

நுனி கருகக் காரணம் வெட்டு. கிழங்கின் வளைந்த ஓரங்களைச் சீவிவிட்டு, முதலில் செங்கல் வடிவத்துக்குக் கொண்டுவந்து, பிறகு 1 செ.மீ. கனத்தில் நீளவாக்கில் வெட்டுங்கள். கூரான நுனி உள்ள துண்டு, நடுப்பகுதி வேகும் முன்பே முனையில் தீய்ந்துவிடும். சீவி ஒதுக்கியதெல்லாம் மறுநாள் பொடிமாஸுக்கு ஆகும்.

வெட்டிய துண்டுகளைத் தண்ணீர் கலங்காமல் வரும்வரை அலசி, குளிர்ந்த தண்ணீரில் அரை மணி நேரம் ஊறவையுங்கள். மேலே ஒட்டியிருக்கும் மாவும் கொஞ்சம் சர்க்கரையும் இதில் போய்விடும். அடுத்து, பலரும் விட்டுவிடும் வேலை: ஒன்றரை லிட்டர் தண்ணீரில் ஒரு டீஸ்பூன் உப்பு, ஒரு டேபிள்ஸ்பூன் வெள்ளை வினிகர் சேர்த்துக் கொதிக்கவிட்டு, துண்டுகளை 4 முதல் 5 நிமிடம் வேகவைக்க வேண்டும். புளிப்பு சேர்ந்தால் கிழங்கின் செல்களைப் பிணைத்து வைக்கும் பெக்டின் சீக்கிரம் கரையாது. துண்டு வெந்தாலும் உடையாது. வினிகர் இல்லையென்றால் அரை மூடி எலுமிச்சை பிழியலாம். புளித்தண்ணீர் மட்டும் வேண்டாம், நிறம் ஏறிவிடும். கத்தி முனை மேலே சுலபமாக இறங்கி, நடுவில் லேசாகத் தடுத்தால் அதுதான் பதம்.

வடித்ததும் பாத்திரத்திலேயே விட்டுவைக்காதீர்கள். பருத்தித் துணியில் பரப்பி, மின்விசிறிக்குக் கீழே 15 நிமிடம் ஆறவிடுங்கள். சூடு இருக்கும்போதே ஆவி பறந்து, மேல்பரப்பின் பளபளப்பு போய், விபூதி பூசியதுபோல் வெளுத்துவரும். அந்த வெளுப்பு வராமல் அடுத்த வேலைக்குப் போகக் கூடாது. ஆகஸ்ட் மாத டெல்லிப் புழுக்கத்தில் இதற்கு 25 நிமிடம்கூட ஆகலாம்.

பிறகு ஒரு டேபிள்ஸ்பூன் அரிசி மாவைச் சல்லடையால் தூவிக் குலுக்கி, ஒன்றரை டேபிள்ஸ்பூன் எண்ணெய் விட்டுக் கையால் புரட்டுங்கள். சோள மாவும் போடலாம், ஆனால் அரிசி மாவின் மொறுமொறுப்பு கூடுதல் நேரம் நிற்கும் என்பது எங்கள் கட்சி. துண்டில் ஈரம் மிச்சமிருந்தால் மாவு பசையாகித் திட்டுத்திட்டாக ஒட்டும். உங்கள் கணக்கில் எண்ணெய் மிகக் குறைவு. எண்ணெய் படாத இடம் காய்ந்து தோல்போல் இழுக்குமே தவிர மொறுமொறுக்காது.

ஓடிஜியில் மேல்கம்பி, கீழ்க்கம்பி இரண்டையும் போட்டு, காலித் தட்டை உள்ளே வைத்தே 230 டிகிரியில் 20 நிமிடம் சூடேற்றுங்கள். விளக்கு அணைந்தால் உள்ளே காற்று சூடாகிவிட்டது என்றுதான் அர்த்தம். தட்டு சூடாக இன்னும் நேரம் பிடிக்கும். சூடான தட்டில் துண்டுகளை வைக்கும்போது ‘சுர்’ரென்று சத்தம் கேட்க வேண்டும். நடுத்தட்டுக்கு ஒரு படி கீழே வைத்து, 220க்குக் குறைத்து, 18 நிமிடம் தொடாமல் விடுங்கள். புரட்டும்போது ஒட்டிப் பிய்ந்தால் அடி இன்னும் இறுகவில்லை, இரண்டு மூன்று நிமிடம் பொறுங்கள். இறுகியபின் தானாகவே விட்டுக்கொடுக்கும். அப்போது கதவு திறக்கிற சாக்கில் தேங்கிய ஆவியும் வெளியேறும். புரட்டிப்போட்டு இன்னும் 12 முதல் 15 நிமிடம். சமையல் தராசு இருந்தால் நிறுத்துப் பாருங்கள்: 400 கிராம் ஏறக்குறைய பாதியாகியிருக்கும். உப்பு கடைசியில், தட்டை வெளியே எடுத்த பிறகு. முன்பே போட்டால் உள்ளிருக்கும் தண்ணீரை மேலே இழுத்துவந்துவிடும்.

மார்ச் மாதத்தில் பொன்னிறமாக வந்த ஃபிரைஸ், அதே செய்முறையில் செப்டம்பரில் கறுத்து, லேசான இனிப்போடு வருகிறது. ஓவன் பழுதாகிவிட்டதா?
– வாசகர், ஜனக்புரி

ஓவன் நன்றாகத்தான் இருக்கிறது, மாறியது கிழங்கு. வட இந்தியச் சமவெளியில் உருளைக்கிழங்கின் பெரிய அறுவடை ஜனவரியிலிருந்து மார்ச் வரை. பிறகு டெல்லிக்கு வருவதில் பெரும்பகுதி உத்தரப் பிரதேசத்துக் குளிர்பதனக் கிடங்குகளில் இருந்த சரக்கு. முளை விடாமலிருக்க அங்கே 2 முதல் 4 டிகிரி குளிரில் வைப்பார்கள். அந்தக் குளிரில் கிழங்கு தன் மாவுச்சத்தைச் சர்க்கரையாக மாற்றிக்கொள்ளும். சர்க்கரை ஏறிய கிழங்கு, மொறுமொறுப்பு வருவதற்கு முன்பே கறுத்துவிடும். வீட்டு ஃப்ரிட்ஜில் வைத்தாலும் இதே கதைதான்.

சிப்ஸ், ஃபிரைஸ் தொழிற்சாலைகளுக்கான கிழங்கை 10 முதல் 12 டிகிரியில் வைப்பார்கள். அதற்கென்றே சிம்லாவிலுள்ள மத்திய உருளைக்கிழங்கு ஆராய்ச்சி நிலையம் உருவாக்கிய ரகங்களில் ஒன்று 1998இல் வெளிவந்த குஃப்ரி சிப்சோனா-1. ஃபிரைஸுக்கென்றே குஃப்ரி ஃப்ரைசோனா என்ற ரகமும் உண்டு. டெல்லி சப்ஜி மண்டிகளில் ‘சிப்சோனா’ என்றோ ‘சுகர் ஃப்ரீ ஆலூ’ என்றோ கேட்டுப்பாருங்கள், கிலோவுக்குச் சில ரூபாய் கூடுதலாக இருக்கும். பெயரைப் பார்த்துச் சர்க்கரை நோயாளிகளுக்கு வாங்கிக் கொடுத்துவிடாதீர்கள்! அதிலும் மாவுச்சத்து நிறையத்தான் இருக்கிறது. இனிப்பு ஏறாத கிழங்கு என்பதற்குமேல் அந்தப் பெயருக்கு அர்த்தமில்லை. ஆகஸ்ட், செப்டம்பர் வாக்கில் இமாச்சல் மலையிலிருந்து புதிதாக இறங்கும் பஹாடி ஆலூ கிடைத்தால் அதையும் எடுக்கலாம். நவம்பர், டிசம்பரில் தோல் விரலாலேயே உரியும் ‘நயா ஆலூ’ குருமாவுக்குப் பிரமாதம், ஃபிரைஸுக்கு உதவாது. அத்தனையும் தண்ணீர்.

பெயரை நம்பாமல் வீட்டிலேயே சோதிக்க வழி உண்டு. ஒரு பங்கு உப்பு, பதினொரு பங்கு தண்ணீர், இரண்டையும் ஒரே கப்பால் அளந்து கரையுங்கள். கால் கப் உப்புக்கு இரண்டே முக்கால் கப் தண்ணீர் வரும். முழுக் கிழங்கை அதில் விடுங்கள். மூழ்கினால் மாவு அதிகம், ஃபிரைஸுக்கு ஏற்றது. மிதந்தால் தண்ணீர் அதிகம், பொரியலுக்கு அனுப்புங்கள்.

கிடங்குக் கிழங்குதான் கையில் இருக்கிறதென்றால், வெட்டியபின் குளிர்ந்த தண்ணீருக்குப் பதில் கைபொறுக்கும் வெந்நீரில் 10 நிமிடம் ஊறவைத்து, அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு வேகவையுங்கள். சர்க்கரை ஓரளவு கரைந்து போகும். ஓவன் சூட்டையும் 200க்கு இறக்கி, நேரத்தை 8, 10 நிமிடம் கூட்டுங்கள். கருமைக்குக் கசப்பைத் தாண்டி இன்னொரு பிரச்சினையும் உண்டு: சர்க்கரையும் கிழங்கிலுள்ள அஸ்பராஜின் என்ற அமினோ அமிலமும் அதிகச் சூட்டில் சேர்ந்தால் அக்ரிலமைடு உண்டாகும். புற்றுநோய் அபாயம் இருக்கலாம் என்று கருதப்படும் பொருள் இது. உணவில் இது இருப்பதை 2002இல் சுவீடன் ஆய்வாளர்கள் வெளிப்படுத்தினார்கள். அதனால் வெளிர் பொன்னிறத்தோடு நிறுத்துவதே நல்லது.

எங்களிடம் கன்வெக்‌ஷன் உள்ள மைக்ரோவேவ்தான் இருக்கிறது. முடியுமா?
– வாசகி, துவாரகா

முடியும், சூடான காற்றைச் சுழலவிடும் கன்வெக்‌ஷன் மட்டும் போட்டால். மைக்ரோவேவ் அலை கிழங்குக்குள் இருக்கும் தண்ணீரைச் சூடாக்கி மேலே தள்ளும், பரப்பு ஈரமாகவே இருக்கும். எனவே இரண்டையும் சேர்த்து ஓட்டும் ‘காம்பி’யும் வேண்டாம். உங்கள் மாடலில் உள்ள உச்சச் சூட்டில் (பல மாடல்களில் 200, சிலவற்றில் 220) முன்சூடு செய்து, 250 கிராம் மட்டும் போடுங்கள். துண்டுகளைக் கண்ணாடிச் சுழல்தட்டில் பரப்பினால் அடிப்பக்கம் நமத்துவிடும். கூடவே வந்த கம்பி ஸ்டாண்டின்மேல், கன்வெக்‌ஷனுக்கென்று கொடுத்த உலோகத் தட்டில் வையுங்கள். அந்தத் தட்டு உள்ளே இருக்கும்போது தவறியும் மைக்ரோவேவ் பொத்தானை அழுத்தாதீர்கள். 35 முதல் 40 நிமிடம் பிடிக்கும்.

சாயங்காலம் செய்தால் வெளுப்பாகவே நிற்கிறது, காலையில் செய்தால் சரியாக வருகிறது. இது என்ன மாயம்?
– வாசகர், கரோல் பாக்

வோல்டேஜைப் பாருங்கள். கம்பி கொடுக்கும் சூடு வோல்டேஜின் வர்க்கத்துக்கு ஏற்ப மாறும். 230 வோல்ட் 200ஆகக் குறைந்தால் 1500 வாட் ஓடிஜி ஏறக்குறைய 1130 வாட்தான் தரும். கோடையில் தெருவெல்லாம் ஏசி ஓடும் நேரத்தில் இப்படி நடக்கலாம். முன்சூடு 30 நிமிடம் ஆக்குங்கள், 300 கிராமுக்குமேல் போடாதீர்கள். ஓடிஜியை எந்த பிளக்கில் செருகியிருக்கிறீர்கள் என்றும் பாருங்கள். 6 ஆம்பியர் சின்ன பிளக் 1380 வாட்வரைதான் தாங்கும். 1500 வாட்டை எக்ஸ்டென்ஷன் போர்டில் ஓட்டினால் வயர் சூடாகும், அது ஆபத்து. 16 ஆம்பியர் பவர் பிளக்தான் சரி.

ஆலிவ் எண்ணெய் நல்லதா?
– வாசகி, ஆர்.கே. புரம்

எக்ஸ்ட்ரா வர்ஜின் இந்தச் சூட்டில் புகையலாம், அதன் வாசனையும் வீண். கடலை எண்ணெய், சூரியகாந்தி, தவிட்டெண்ணெய் எதுவும் சரி.

பாக்கெட்டில் வரும் உறைந்த ஃபிரைஸை ஓவனில் வைத்தால் சில சமயம் சவசவ என்று ஆகிறது.
– வாசகர், லோதி காலனி

வெளியே எடுத்து இளகவிடுகிறீர்கள் என்று தோன்றுகிறது. அவை ஏற்கெனவே வேகவைத்து, உலர்த்தி, ஒருமுறை எண்ணெயில் பொரித்து உறையவைத்தவை. இளகினால் மேலிருக்கும் பனி தண்ணீராகி உள்ளே இறங்கும். ஃப்ரீசரிலிருந்து நேராகச் சூடான தட்டுக்குப் போக வேண்டும். 220 டிகிரியில் 18 முதல் 22 நிமிடம். கூடுதல் எண்ணெய் தேவையில்லை.

நவராத்திரி விரதம் இருக்கும் பக்கத்து வீட்டுக்காரர்களுக்கும் கொடுக்கும்படி செய்ய முடியுமா?
– வாசகி, முனிர்கா

அரிசி மாவுக்குப் பதில் சிங்காடா மாவு (நீரில் விளையும் ஒரு கொட்டையின் மாவு), அதே அளவு. வினிகருக்குப் பதில் எலுமிச்சை. பொடியுப்புக்குப் பதில் சேந்தா நமக், அதாவது நம் இந்துப்பு. கடலை எண்ணெய் ஆகுமா என்று மட்டும் அவர்களிடம் கேட்டுக்கொள்ளுங்கள், விரத நியமம் வீட்டுக்கு வீடு மாறும்.

மரவள்ளி, சேப்பங்கிழங்கு, சர்க்கரைவள்ளியில் செய்யலாமா?
– வாசகி, ஐ.என்.ஏ. மார்க்கெட் பக்கம்

மரவள்ளிதான் இதில் ராஜா, உருளையைவிட நன்றாகவே மொறுமொறுக்கும். தோலோடு சேர்ந்த உள்தோலையும் முழுக்க உரித்துவிட்டு, விரல் நீளத் துண்டுகளாக்கி, மூடாமல் நிறையத் தண்ணீரில் முழுதாக வேகவையுங்கள். மரவள்ளியில் சயனைடை உண்டாக்கும் சத்து இருப்பதால் அரைவேக்காடு கூடாது. வெந்த தண்ணீரையும் கொட்டிவிட வேண்டும். நடு நாரை உருவிவிட்டு, துண்டு ஓரங்களில் லேசாக வெடிப்பு விட்டிருந்தால் அப்படியே எண்ணெய் புரட்டி 220 டிகிரியில் 25 நிமிடம். அந்த வெடிப்புகள்தான் முறுகும் இடம். மாவு தேவையில்லை.

சேப்பங்கிழங்கை வேகவைத்து உரித்து, வழவழப்பு அடங்க ஒரு மணி நேரம் ஃப்ரிட்ஜில் வைத்தபின் வெட்டுங்கள். அரிசி மாவு ஒன்றரைப் பங்கு வேண்டும். சர்க்கரைவள்ளி நிறம் பிடித்துவிடும், ஆனால் உருளைபோல் மொறுமொறுக்காது. 200 டிகிரிக்குமேல் போகாதீர்கள்.

குழந்தையின் டிபன் டப்பாவில் மதியம்வரை மொறுமொறுப்பாக இருக்க வழி?
– வாசகி, ரோஹிணி

இல்லை. மூடிய டப்பாவில் ஃபிரைஸ் தன் ஆவியிலேயே நமத்துவிடும். முழுக்க ஆறவிட்டு, அடியில் டிஷ்யூ போட்டுக் கட்டினால் சதசதப்பு குறையும், அவ்வளவுதான். பள்ளி விட்டு வந்தபின் கொடுப்பதாக இருந்தால், காலையில் 18 நிமிடம் மட்டும் சுட்டு, ஆறியதும் ஃப்ரிட்ஜில் மூடாமல் வையுங்கள். மாலையில் சூடான தட்டில் 220 டிகிரியில் 12 நிமிடம் கொடுத்தால் போதும்.